ஆவடி தாண்டி ஒரு சுடுதளம், இரண்டு கார்பைன்கள்

போன வாரம் ஒரு வாசகி எழுதியிருந்தார். காவல் பணியில் புதிதாகச் சேர்ந்திருக்கிறாராம். முதல் சுடுபயிற்சிக்கு ஆவடிப் பக்கம் போக வேண்டுமாம். "பயமாக இருக்கிறது, அங்கே எப்படி இருக்கும் என்று எழுதுங்களேன்" என்று கேட்டிருந்தார். ஏற்காடு, குற்றாலம், வேளாங்கண்ணி என்று எழுதிக்கொண்டிருக்கும் இந்தப் பக்கத்தில் துப்பாக்கிக் கதை எதற்கு என்று முதலில் தள்ளிப்போட்டேன். அவர் எழுதியிருந்த அந்த 'பயம்' என்ற சொல்தான் விடவில்லை.

நான் போனது தொண்ணூற்று இரண்டு, பொங்கல் முடிந்த வாரம். அப்போது பூந்தமல்லிப் பக்கம் ஒரு காவல் நிலையத்தில் கான்ஸ்டபிள். வங்கிக் காவலுக்குப் பெண்களையும் போடலாம் என்று பேச்சு வந்தது. கார்பைன் என்கிற குட்டைத் துப்பாக்கிகளில் பழைய ஸ்டென், புதிய ரகம் இரண்டையும் சுட்டுப் பார்த்து, எது கைக்குச் சரிப்படுகிறது என்று சொல்லும்படி என்னையும் கூட வேலை பார்த்த கஸ்தூரி அக்காவையும் அனுப்பினார்கள்.

எனக்கு அப்போது இரண்டு மாதம். அதற்கு முந்தைய வருடம் ஒன்று மூன்றாம் மாதமே கலைந்துபோயிருந்தது. அந்த முறை ஊரெல்லாம் சொல்லியிருந்தோம். இந்த முறை வீட்டுக்காரரைத் தவிர யாருக்கும் தெரியாது. வரமாட்டேன் என்றால் காரணம் கேட்பார்கள். வாய்விட்டுச் சொன்னால் மறுபடியும் ஏதாவது ஆகிவிடுமோ என்ற பயத்தில் கிளம்பிவிட்டேன்.

காட்டுப்பாக்கத்திலிருந்து பூந்தமல்லி ஐந்து கிலோமீட்டர், அங்கிருந்து ஆவடி பத்து. ஆறரைக்கெல்லாம் பஸ் ஏறிவிட்டேன். நூம்பலில் இருந்து வந்த கஸ்தூரி அக்கா பூந்தமல்லியில் சேர்ந்துகொண்டார். பதினைந்து வருட சர்வீஸ், கணீரென்ற குரல்.

"இன்னாடி ஸ்டெல்லா, மூஞ்சி வெளுத்துப்போய் கீது?"

"ராத்திரி தூக்கமில்லக்கா."

"துப்பாக்கிய நெனச்சிகினு பயந்துகினு கீறியா? நான் கீறேன்ல, கம்முனு வா."

ஆவடியில் இறங்கியதும் லாரியில் ஏற்றினார்கள். தார் ரோடு முடிந்து கப்பி ரோடு. ஒவ்வொரு குலுக்கலுக்கும் வயிற்றைப் பிடித்துக்கொண்டேன். கடைசியில் முள்மரங்களுக்கு நடுவே வெட்டவெளி; எதிரே இரண்டு ஆள் உயரத்துக்கு மேல் செம்மண் மேடு. அதன் முன்னால் அட்டை மனிதர்கள் நின்றார்கள், இருபத்தைந்து மீட்டர் தூரத்தில்.

பயிற்சி கொடுத்தவர் தாமோதரன் ஏட்டு. அதிகம் பேசமாட்டார். முதலில் புதிய கார்பைனை என் கையில் கொடுத்தார். குழலைச் சுற்றித் துளை போட்ட உறை, தோளில் முட்டுக்கொடுக்க மடக்கும் கட்டை, இடது பக்கம் தோட்டா அடைத்த வளைந்த மேகசின். தோளில் வைத்ததும் நன்றாகவே பொருந்தியது. விசையை அழுத்தினால் உள்ளே கனமான போல்ட் ஒன்று முன்னால் பாய்வது தெரியும். அந்தப் பாய்ச்சலில் குழல் கொஞ்சம் தாழும், பிறகுதான் வெடிக்கும். நான் எதிர்பார்த்த அளவுக்குத் தோளில் இடிக்கவில்லை. சத்தம்தான் தாங்கவில்லை. ஒவ்வொரு வெடிக்கும், வயிற்றுக்குள் இருப்பதற்கு இது கேட்குமோ என்று நினைத்தேன். சுட்டதில் பாதிக்கு மேல் அட்டையில் பட்டிருந்தது.

அடுத்து ஸ்டென். தண்ணீர்க் குழாயில் கைப்பிடி பற்ற வைத்தது போல இருக்கும். முதலில் கஸ்தூரி அக்கா சுட்டார். நான் அவருக்குப் பின்னால், வலப்பக்கம் நின்றேன். நாலைந்து வெடித்ததும் சத்தம் நின்றது.

"ஏட்டய்யா, நின்னுபோச்சு" என்று சொல்லிக்கொண்டே அக்கா திரும்பினார். துப்பாக்கியும் அவரோடு திரும்பியது.

குழலின் கறுப்பு வட்டம் என் வயிற்றுக்கு நேராக நின்றது. ஓடவும் முடியவில்லை, உட்காரவும் முடியவில்லை. இரண்டு கையும் தானாக வயிற்றில் போய் விழுந்தன. அதைப் பார்த்த அக்காவின் முகம் மாறியது. புரிந்துகொண்டார். புரிந்ததும் கை வெலவெலத்தது, குழலும் ஆடியது.

"கஸ்தூரி, அசையாத" என்றார் ஏட்டு. குரலை உயர்த்தவே இல்லை. "விரல வெளிய எடு. அவ்ளோதான்."

"வர்லீங்கய்யா. வெரலு வர்ல."

ஏட்டு பக்கவாட்டில் மெல்ல நடந்து வந்தார். சுட்டுச் சூடேறியிருந்த குழலை வெறுங்கையால் பிடித்து, மண்மேட்டுப் பக்கம் திருப்பினார். திருப்பிய நொடியே உள்ளே சிக்கியிருந்த போல்ட் விடுபட்டு வெடித்தது. மேட்டிலிருந்து செம்மண் தெறித்தது.

அக்கா தரையில் உட்கார்ந்துவிட்டார். ஏட்டு மேகசினைக் கழற்றி, உள்ளே தோட்டா இல்லை என்று பார்த்துவிட்டு, துப்பாக்கியைக் கீழே வைத்தார். உள்ளங்கை சிவந்து கொப்பளித்திருந்தது. என்னிடம் வந்தார்.

"நீ சுடுறியா?"

"இல்ல, ஏட்டய்யா. ரெண்டு மாசம்."

அதுவரை பயந்து பயந்து பொத்தி வைத்ததை அத்தனை பேர் முன்னால் சொல்லிவிட்டேன். ஏட்டு தலையசைத்து, "லாரி நிழல்ல போய் உக்காரும்மா" என்றார்.

திரும்பும் பஸ்ஸில் அக்கா ஜன்னல் பக்கமே பார்த்துக்கொண்டு வந்தார். பருத்திப்பட்டு தாண்டியதும், "நேத்தே சொல்லியிருந்தா உன்ன இட்டாந்திருக்கவே மாட்டேன்டி" என்றார். வீட்டில் அன்றிரவு வலி வருகிறதா, வருகிறதா என்று படுக்கையில் காத்துக்கிடந்தேன். வரவில்லை.

எழுதிக் கேட்ட தங்கைக்கு: இரண்டில் எது மேல் என்றால், நான் சுட்டுப் பார்த்தவரை புதிய கார்பைன்தான்; ஸ்டென்னை நான் தொடவில்லை, அது பற்றி எனக்குத் தெரிந்தது நீங்கள் மேலே படித்ததுதான். காதுக்குப் பஞ்சாவது கொண்டு போங்கள். துப்பாக்கி நின்றுபோனால் வாயால் மட்டும் சொல்லுங்கள், திரும்பாதீர்கள். குழல் மண்மேட்டையே பார்க்கட்டும். வயிற்றில் பிள்ளை இருந்தால் போகவே போகாதீர்கள். சத்தமும் ஈயப் புகையும் ஆகாது என்று பின்னால் டாக்டர் என்னைத் திட்டினார். பயப்படுவதைப் பற்றி வெட்கப்பட வேண்டாம். அன்று பயப்படாமல் வந்தவர் அக்கா ஒருவர்தான்.

ஆகஸ்டில் மகள் பிறந்தாள். ஆஸ்பத்திரிக்கு வந்த கஸ்தூரி அக்கா கட்டில் ஓரமாகக் கையைப் பின்னால் கட்டிக்கொண்டே நின்றார்.

"கையில வாங்குங்கக்கா."

"வேணாம்டி. கை நடுங்குது."

நான் அவரைக் கட்டிலில் உட்காரச் சொல்லி, குழந்தையை அவர் மடியில் வைத்தேன்.