தேத்தண்ணி குடிக்காத பத்திரிகையாளர்

அவர் அமெரிக்கர். பெரிய பத்திரிகைகள் தொடாத செய்திகளை எழுதும் சிறிய வாரப் பத்திரிகைகளில் தலை நரைக்கும்வரை வேலை செய்தவர். இரண்டு மேயர்களை வீட்டுக்கு அனுப்பியவர் என்று கேள்வி. இரண்டாயிரங்களின் நடுவில் லண்டனுக்கு வந்து, இங்கும் அப்படியொரு பத்திரிகைக்கு எழுதினார். முழங்கை தேய்ந்த கோட்டின் பையில் எப்போதும் ஒரு தண்ணீர்ப் போத்தல் இருக்கும். யாரைப் பற்றி எழுதுகிறாரோ அவரிடம் எதுவும் வாங்கிக் குடிப்பதில்லை என்பது அவருடைய விதி.

லண்டன் ரெய்னர்ஸ் லேனில் பலசரக்குக் கடை வைத்திருந்த என் நண்பரைக் கட்டட உரிமையாளர் வெளியேற்றப் பார்த்தார். அதை எழுத வந்த அமெரிக்கருக்கு நான்தான் மொழிபெயர்ப்பாளன். நண்பர் முதலில் தேத்தண்ணியை நீட்டினார்.

“குடித்தால் உங்களைப் பற்றி எழுத முடியாது. என்னை வாங்கிவிட்டீர்கள் என்பார்கள்” என்றார் அமெரிக்கர். நான் அதை அப்படியே தமிழில் சொன்னேன்.

“ஒரு தேத்தண்ணிக்கு விலைபோற ஆளெண்டால், அண்ணை, இவரை நம்பி நான் என்னத்தைக் கதைக்கிறது? குடிக்காட்டி ஒண்டும் சொல்லமாட்டன் எண்டு சொல்லுங்கோ.”

சொன்னேன். அமெரிக்கர் வெகுநேரம் சிரித்தார். பிறகு பேனையை மூடிவைத்துவிட்டுக் குடித்தார். நண்பர் மனம் குளிர்ந்துபோய் எல்லாவற்றையும் கொட்டினார். மூன்று கோப்பை குடித்தபடி கவனமாகக் கேட்ட அமெரிக்கர், விதிப்படி ஒரு வரியும் எழுதவில்லை.

கடை போய்விட்டது. நண்பர் இப்போது லண்டனின் இன்னொரு மூலையான சட்டனில் வேறொருவர் கடையில் வேலைக்கு நிற்கிறார். “தங்கமான மனிசன், கடைசியில குடிச்சவரெல்லே” என்று இன்றும் அந்த அமெரிக்கரைப் புகழ்கிறார். எழுதியிருந்தால் கடை தப்பியிருக்குமோ என்று அவர் இதுவரை கேட்கவில்லை.