முப்பத்துநாலு கொலைகாரிகளும் ஒரு மனைவியும்

மொரிவாகி தெய்ஜி மாபெரும் சினிமா இயக்குநர் என்று நம்பிய ஒரே ஆள் மொரிவாகி தெய்ஜிதான். நானும் கொஞ்ச நாள் நம்பினேன். அப்போது எனக்கு இருபத்திரண்டு வயது. அவர் எடுக்கும் ஒவ்வொரு ஷாட்டிலும் யார் எந்தக் கையில் கோப்பை பிடித்தார்கள், எந்தப் பொத்தான் திறந்திருந்தது என்று, அடுத்த ஷாட்டில் மாறிவிடாதபடி குறித்துவைப்பது என் வேலை. இருபத்தாறு வருஷம் குறித்தேன்.

அதற்கு முன்னால் அவர் டோக்கியோவில் ஒரு சினிமா கம்பெனியில் உதவி இயக்குநராக ஒன்பது வருஷம் கிளாப் அடித்தார், நடிகைகளுக்குக் குடை பிடித்தார்; தானே படம் இயக்கும் முறை வரும் நேரத்தில் கம்பெனியை இழுத்து மூடிவிட்டார்கள். டெலிவிஷனுக்கு வந்தார்.

"இது தற்காலிகம்தான், ஒகினோ சான். படத்துக்குப் பணம் போட ஆள் கிடைக்கிறவரைக்கும்," என்று என்னிடம் சொன்னார்.

அந்தத் தற்காலிகத்தில் முப்பத்துநாலு கொலைக்கதை எடுத்தார். எல்லாவற்றுக்கும் ஒரே முடிவு: கடலோரச் செங்குத்துப் பாறை. டோக்கியோவில் கொலை செய்தவள் எதற்காக ரயிலேறி அவ்வளவு தூரம் வந்து, கிமோனோவோடு பாறையேறி, துப்பறிபவரிடம் பத்து நிமிஷம் காரணம் சொல்ல வேண்டும் என்று யாரும் கேட்டதில்லை. பத்திரிகையின் டிவி பத்தியில் போடும் நடிகர் பட்டியலில் மூன்றாவது பெயர் யாருடையதோ அவள்தான் கொலைகாரி என்று பால்குடிப் பிள்ளைக்கும் தெரியும். கார் கம்பெனி விளம்பரம் கொடுத்தால் காரேற்றிக் கொல்லக் கூடாது. பூச்சிமருந்துக் கம்பெனி கொடுத்தால் விஷம் கூடாது. இரண்டு பேரும் சேர்ந்து கொடுத்த தடவை பூந்தொட்டியால் அடித்துக் கொன்றோம்.

பத்தொன்பதாவது கொலைக்காக நோத்தோ கடற்கரையில் இருந்தபோது அவர் மனைவி ஃபூசாயே வீட்டைவிட்டுப் போய்விட்டார். கடிதம் இல்லை, சண்டையும் இல்லை. சாவி மட்டும் ரைஸ் குக்கர் மேல் இருந்ததாம். மறுவாரமே மனிதர் இருபதாவது கொலையைத் தொடங்கிவிட்டார். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

அவருடைய அறுபத்தொன்றாவது வயதில் ஒரு தயாரிப்பாளர் ஏமாந்தார். சொந்தக் கதை, நிஜமான சினிமா. ஒரு மனைவி வீட்டைவிட்டுப் போகிறாள், அவ்வளவுதான் கதை. யார் வீட்டுக் கதை என்று யூனிட்டில் எல்லோருக்கும் தெரியும்.

"தியேட்டர்ல ஓடுச்சுன்னா ஃபூசாயே பார்ப்பா," என்று ஒருநாள் சாப்பாட்டுப் பெட்டியைப் பார்த்துக்கொண்டே சொன்னார். அதற்காகத்தான் இந்தப் பாடெல்லாம்.

கடைசிக் காட்சி சமையலறையில். மனைவி ஒரு வார்த்தை பேசாமல் சாவியை வைத்துவிட்டுப் போக வேண்டும். நடிகை அப்படியே செய்தாள். நன்றாக இருந்தது, நிஜமாகவே.

"இது போதாது," என்றார் மொரிவாகி. "ஏன் போறான்னு அவ வாயால சொல்லணும்."

"ஸ்கிரிப்ட்ல வசனமே இல்லையே, டைரக்டர்?"

"இப்ப எழுதித் தரேன்."

"அப்ப பாறைக்கே கூட்டிட்டுப் போயிடலாம்," என்று கேமராமேன் ஹமுரோ முணுமுணுத்தார். லைட்காரர்கள் சிரித்தார்கள்.

மொரிவாகி பென்சிலை எடுத்தார். பழிவாங்கல், சொத்து, பழைய காதலன் என்று முப்பத்துநாலு பேருக்குக் காரணம் எழுதிய கை அது. ஒரு மணி நேரமாகியும் ஒரு வரி வரவில்லை. கடைசியில் என் பக்கம் நாற்காலியை இழுத்துப் போட்டார்.

"ஒகினோ சான், நீ எங்க வீட்டுக்கு வர்றப்ப அவ உன்கிட்டதான் உக்காந்து பேசுவா. ஏன் போனா?"

"நீங்க அவங்களத் தேடிப் போய்க் கேக்கலையா?"

"ஷூட்டிங் இருந்துச்சே."

சொன்ன பிறகுதான் அது அவர் காதிலேயே விழுந்தது. பென்சிலைக் கீழே வைத்தார்.

"முதல் டேக்கையே வச்சுக்கலாம்," என்றார்.

படம் ஒரே தியேட்டரில் பதினொரு நாள் ஓடியது. பதினொரு நாளும் கதவோரம் கடைசி இருக்கையில் உட்கார்ந்திருந்தார். நான் இரண்டு நாள் கூடப் போனேன். அவர் திரையைப் பார்க்கவேயில்லை. உள்ளே வந்த ஒவ்வொரு பெண்ணின் முகத்தையும் பார்த்தார். ஃபூசாயே வரவில்லை.