இரண்டு கேமராக்காரர்

கொச்சி மட்டாஞ்சேரியில் ஒரு சுக்குக் கிடங்கில் நான் வேலை பார்த்த காலத்தில், கழுத்தில் இரண்டு கேமராவோடு ஒரு கல்லூரி வாத்தியார் வந்தார். கேமராக் கண்ணாடியில் எச்சிலைத் தொட்டு வைத்து வேட்டி நுனியால் துடைப்பார். நாங்கள் முகத்தைத் திருப்பிக்கொள்வோம்.

சுக்கு வெளுக்க அதைச் சுண்ணாம்பில் முக்குவோம். அதிலேயே என் அண்ணியின் விரல்கள் வெந்து, தோல் உரிந்து, சீழ் வடிந்தது. லேபர் ஆபீஸுக்கு நேரில் போய்ப் புகார் சொன்னால் வேலை போய்விடும். "கையை மட்டும் படமெடுத்துக் கொடுக்கறேன். யார் கைன்னு தெரியாது," என்று வாத்தியாரே சொன்னார்.

அண்ணி கையை நீட்டினாள். அவர் யோசிக்க ஆரம்பித்தார்.

"பெரிய கேமரால புண்ணு தெளிவா விழும், ஆனா ஒரு ரோலுக்குப் பன்னெண்டு படம்தான். சின்னதுல முப்பத்தாறு. வைத்தியனுக்குக் கை வேணும், சரித்திரக்காரனுக்குக் கிடங்கு வேணும், வியாபாரம் படிக்கிறவனுக்குச் சுக்கு வேணும்..."

"சாரே, பொண்ணு பாக்க வந்தவர் மாதிரி நிக்கிறீங்களே! அவளுக்குக் கை கடுக்குது, சட்டுனு எடுங்க," என்றேன்.

"எல்லாருக்கும் உதவுற மாதிரி எடுக்கணும், தங்கச்சி."

கடைசியில் சின்னதைத் தூக்கிக்கொண்டு பின்பக்கமாகவே நடந்து போய், கிடங்கு வாசலில் நின்று எடுத்தார்.

பத்து நாளில் படம் வந்தது. கிடங்கு, மூட்டைகள், சுக்குக் குவியல் எல்லாம் இருந்தன. எங்கள் இருபது பேர் முகமும் பளிச்சென்று இருந்தது. அண்ணியின் கை மட்டும் கடுகளவு. அதை எந்த ஆபீஸில் காட்டுவது? அடுப்பில் போட்டேன்.

கெட்டவர் என்றும் சொல்ல முடியவில்லை. அந்தப் புண்ணைக் கிட்டப் பார்த்துக் கண் கலங்கியவர்தான். பிறகு எதற்காக அத்தனை தூரம் நடந்து போனாரோ!