மூலை காலியான போஸ்டர்

அந்தக் காலத்தில் சிவகாசியில் ஓர் அச்சகத்தில் அண்ணாச்சியும் நானும் ஒரே மேசையில் படம் வரைந்தோம். என்னைவிட நாலு வயது மூத்தவர் அவர். காலண்டர் சீசனில் லட்சுமியும் முருகனும். சீசன் முடிந்தால் சின்ன பட்ஜெட் ‘ஏ’ படங்களுக்குப் போஸ்டர். படத்தில் இல்லாததெல்லாம் போஸ்டரில் இருக்க வேண்டும். ஆர்டரே அப்படித்தான் வரும். அண்ணாச்சி தான் வரைந்ததில் எல்லாம் மூலையில் கையெழுத்துப் போடுவார். நான் போட்டதில்லை. விருதுநகர் பஜாரில் என் அத்தாவுக்கு, அதாவது அப்பாவுக்கு, கடை. எதிர்ச் சுவரில் ஒட்டும் போஸ்டரில் என் பெயரை அவர் பார்த்துவிடக் கூடாது. ஆனால் எங்கள் இருவரில் என் கோடுதான் நல்ல கோடு. அது அண்ணாச்சிக்கும் தெரியும்.

போன வருடம் சென்னையிலிருந்து ஒரு பெண் அவரைத் தேடி வீட்டுக்கு வந்தாள். அந்த ‘ஏ’ படங்களைப் பற்றிப் புத்தகம் எழுதுகிறாளாம்.

"குப்பைன்னு எல்லாரும் ஒதுக்கிட்டாங்க சார். ஆனா எத்தனையோ தியேட்டர் இதை வச்சுத்தான் பிழைச்சுது" என்றாள்.

அண்ணாச்சி என்னையும் கூப்பிட்டிருந்தார். அவர் பேசப் பேச அவள் பதிவு செய்தாள், போட்டோ எடுத்தாள். நான் டீயைக் கையில் வைத்துக்கொண்டு ஓரமாக உட்கார்ந்திருந்தேன். வயிறு எரிந்தது.

பிறகு அவள் ஒரு போஸ்டரை விரித்தாள். ஈரச் சேலையில் ஒரு பெண், கையில் அரிவாள். நான் வரைந்தது.

"இதுல மட்டும் கையெழுத்து இல்ல. யார் வரைஞ்சது?"

சொல்ல வாயெடுத்தேன். அதற்குள், "இந்தப் படத்துல நடிச்சவங்களப் பார்த்தேன். இப்படி ஒரு காட்சியில நான் நடிக்கவே இல்லைன்னாங்க. இந்தப் போஸ்டரைப் பார்த்துத்தான் அவங்களுக்குப் பேசி வச்ச கல்யாணம் நின்னு போச்சாம்" என்றாள்.

அண்ணாச்சி என்னைப் பார்த்தார். நான் தரையைப் பார்த்தேன்.

"நாந்தாம்மா வரைஞ்சேன்" என்றார் அவர். "தப்புதான். அவுககிட்ட நான் மன்னிப்புக் கேட்டேன்னு சொல்லுங்க."

அவள் போனதும் கேட்டேன். "ஏன் அண்ணாச்சி அப்படிச் சொன்னீக?"

"யாராச்சும் சொல்லணும்ல, பாய். நீங்க சொல்லுவீகன்னுதான் அம்புட்டு நேரம் பாத்தேன்."

புத்தகம் வந்தது. அந்தப் போஸ்டர் முழுப் பக்கத்துக்கு. கீழே அண்ணாச்சியின் பெயரும் அவர் கேட்ட மன்னிப்பும். அந்த நடிகை அவருக்குப் போன் செய்து வெகுநேரம் அழுதாராம். வைக்கும்போது, "படத்தை மட்டும் அழகா வரைஞ்சிருந்தீங்க" என்றாராம். அண்ணாச்சி இதைத் தயங்கித் தயங்கித்தான் என்னிடம் சொன்னார்.

அதன்பிறகு மூன்று வாரம் நான் அவர் வீட்டுப் பக்கம் போகவில்லை.