பதினாறு சொற்களும் ஒரு பெயரும்

புதிர் அவிழ்ப்பதில் நான் பெரிய கெட்டிக்காரி என்று எங்கள் குடும்பத்தில் ஒரு பேச்சு உண்டு. அதைக் கேட்டாலே இப்போது எனக்குப் பற்றிக்கொண்டு வருகிறது. ஆனாலும் காலையில் யாராவது ஒருவர் குடும்ப வட்ஸ்அப் குழுவில், "இண்டைக்கு ஒரு துப்புத் தாங்க மாமி" என்று கேட்காமல் இருப்பதில்லை. நானும் கொடுத்துக்கொண்டுதான் இருக்கிறேன்.

தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன். கைபேசியில் நாளுக்கு ஒன்றாக வருகிற தமிழ்ச் சொல் விளையாட்டு இது. வெளிநாட்டில் யாரோ உட்கார்ந்து தயாரிக்கிறார்கள். பதினாறு சொற்களைக் கலைத்துப் போட்டிருப்பார்கள். அவற்றை நாலு நாலாக இனம் பிரிக்க வேண்டும். மீன் நாலு, மரம் நாலு, சமையல் சாமான் நாலு என்கிற மாதிரி. நாலு பிழை விட்டால் ஆட்டம் முடிந்தது. முடித்த பிறகு, எந்தக் கூட்டத்தை எத்தனையாவதாகப் பிடித்தோம் என்பதை நிறக் கட்டங்களாக மற்றவர்களுக்கு அனுப்பலாம். அதில் சொல் எதுவும் தெரியாது, நிறம் மட்டும்தான் தெரியும்.

நான் சொல்லும் புத்திமதிகள் எல்லாருக்கும் மனப்பாடம். முதல் ஐந்து நிமிடம் எதையும் தொடாதீர்கள். பதினாறையும் வாய்விட்டு வாசியுங்கள், கண் ஏமாறுகிற இடத்தில் காது ஏமாறாது. பார்த்த உடனே நாலு சொல் சேர்ந்து வந்து கையைப் பிடித்தால் சந்தேகப்படுங்கள், அது உங்களை விழுத்துவதற்கென்றே வைத்தது. இரண்டு பிழை விட்டபிறகுதான் துப்புக் கேட்க வேண்டும். கடைசி நாலு சொல்லும் தானாக வந்து சேர்ந்ததற்காகப் பீற்றிக்கொள்ளக் கூடாது. நான் வேலை பார்ப்பது ஒரு நூலகத்தில். இருபது வருடமாகப் புத்தகங்களை இனம் பிரித்து இலக்கம் போடுகிறேன். அந்தப் பழக்கம் என்று நினைத்துக்கொள்கிறார்கள்.

உண்மை என்னவென்றால், இந்த விளையாட்டை எனக்குக் காட்டித் தந்தவள் என் தங்கச்சி. அந்தக் குடும்பக் குழுவில் எங்கள் சின்னம்மாவின் மருமகளின் தம்பி வரைக்கும் இருக்கிறார்கள். அவள் இல்லை.

அவள் ஏறாவூரில் துணிக்கடை வைத்திருந்த ஒருவரை விரும்பிக் கட்டிக்கொண்டு போனவள். இஸ்லாம் மார்க்கத்துக்கு மாறி வேறு பெயரும் வைத்துக்கொண்டாள். எங்கள் வீடு சித்தாண்டியில். இடையில் செங்கலடியும் வந்தாறுமூலையும்தான், பஸ்ஸில் அரை மணித்தியாலம் கூட இல்லை. அந்த அரை மணித்தியாலத்தைக் கடக்க எங்களுக்குப் பதினாறு வருடம் பிடித்தது. அம்மா அதைக் காணாமலே போய்ச் சேர்ந்தா. அப்பா, "எனக்கு ரெண்டு பிள்ளதான்" என்று வயல் வட்டைக்குப் போகிற வழியில் கண்டவர்களிடமெல்லாம் சொல்லிக்கொண்டு திரிந்தார். அண்ணன் ஆமாம் போட்டார். நான் எதிர்த்து ஒரு சொல் சொன்னேனா என்றால், இல்லை. செங்கலடிச் சந்தையில் அவளை ஒருநாள் கண்டேன். அவளும் என்னைக் கண்டாள். நான் கத்தரிக்காய் பொறுக்குவதுபோலக் குனிந்துகொண்டேன். அதை நினைத்தால் இன்றைக்கும் எனக்கு என் முகத்தைக் கண்ணாடியில் பார்க்கப் பிடிப்பதில்லை.

அப்பாவுக்குச் சிறுநீரகம் பழுதாகி ஆஸ்பத்திரியில் போட்டபோது, யார் சொன்னார்களோ தெரியாது, அவளாகவே வந்தாள். நான் போய்ப் பார்க்கையில் வார்டுக்கு வெளியே வாங்கில் உட்கார்ந்து கைபேசியைத் தட்டிக்கொண்டிருந்தாள். திரும்பிப் போக முடியாமல் பக்கத்தில் போய் உட்கார்ந்தேன். "என்ன அது?" என்று கேட்டேன். பதினாறு வருடத்துக்குப் பிறகு என் கூடப்பிறந்தவளிடம் நான் கேட்ட முதல் கேள்வி அதுதான்.

அவள் கைபேசியை என் பக்கம் சரித்துக் காட்டினாள். "இஞ்ச பாருங்கக்கா, கிழமைப் பேர் அஞ்சு கிடக்கு. நாலுதான் வேணும். அதுல ஒண்டு கள்ளன்."

நான் பார்த்தேன். ஞாயிறு, திங்கள், செவ்வாய், புதன், வெள்ளி. கீழே செம்பு, ஈயம், இரும்பு. "வெள்ளிதான் கள்ளன்" என்றேன். அவள் சிரித்தாள். சின்ன வயதில் சிரித்த அதே சிரிப்பு. எனக்கு அழுகை வந்தது, வேறு பக்கம் பார்த்துக்கொண்டேன்.

அதற்குப் பிறகு மூன்று மாதம் அப்பாவை அவளும் நானும்தான் பார்த்தோம். காலை முழுக்க அவள், வேலை முடிந்து பின்னேரம் நான். அண்ணன் ஞாயிற்றுக்கிழமைகளில் இளநீர்க் குலையோடு வருவார். சிறுநீரக வருத்தக்காரருக்கு இளநீர் கொடுக்கக் கூடாது என்று டொக்டர் சொல்லியும் வருவார். அதை வார்டில் இருக்கிற மற்றவர்கள் குடித்துவிட்டு அவரை வாழ்த்துவார்கள். முதல் கிழமை அப்பா தங்கச்சியைப் பார்க்காமல் சுவரைப் பார்த்துப் படுத்திருந்தார். இரண்டாம் கிழமை அவள் கொண்டுவந்த கஞ்சியைக் குடித்தார். அதன் பிறகு அவள் பிந்தினால் வாசலையே பார்த்துக்கொண்டிருப்பார். ஒருநாள் புதிதாக வந்த தாதியிடம் தானாகவே சொன்னார்: "இது என்ட இளைய மகள்." கட்டிலின் இந்தப் பக்கம் நானும் நின்றேன். அவர் சொன்னதை என் இரண்டு காதாலும் கேட்டேன். பிறகு நடந்ததற்கு, தெரியாமல் செய்தேன் என்று சொல்ல எனக்கு வழியே இல்லை.

அந்த நாட்களில் விடிந்தால் அவள் எனக்குக் கட்டங்களை அனுப்புவாள், நான் அவளுக்கு அனுப்புவேன். எங்கள் இரண்டு பேருக்கும் ஆடுகிற விதம் வேறு. எந்தக் கூட்டத்திலும் சேராமல் ஒரு சொல் முழித்துக்கொண்டு நிற்கும். நான் அதைத் தொடவே மாட்டேன். மற்றவற்றை ஒழுங்குபடுத்தி முடித்தால் அது கடைசியில் தானாக ஒரு இடத்தில் விழும் என்று விட்டுவிடுவேன். நூலகத்திலும் அப்படித்தான், எங்கே வைப்பதென்று தெரியாத புத்தகத்தை மேசையின் ஓரத்தில் ஒதுக்கிவைப்பேன். அவள் அதிலிருந்துதான் தொடங்குவாள். "தனிச்சு நிக்கிறதக் கையில எடுங்கக்கா. அதுட ஆக்களத் தேடுங்க. மத்ததெல்லாம் மறுகா பாக்கலாம்" என்பாள். அநேகமாக அவள்தான் பிழையில்லாமல் முடிப்பாள்.

அப்பா ஒரு விடியற்காலை, இரவு துணைக்கு நின்ற அவள் பக்கத்தில் இருக்கும்போது போனார். அவள் முதலில் எனக்குத்தான் போனில் கோல் எடுத்தாள். உடலைச் சித்தாண்டிக்குக் கொண்டுவர ஏற்பாடு செய்துவிட்டு, பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு வாறன் என்று ஏறாவூருக்குப் போனாள்.

வீட்டில் பந்தல் போட ஆட்கள் வந்துவிட்டார்கள். மரண அறிவித்தல் எழுத வேண்டும். எங்கள் பக்கத்தில் அது சின்ன வேலை இல்லை. இன்னாரின் கணவரும், இன்னார் இன்னாரின் அன்புத் தந்தையும், இன்னாரின் மாமனாரும், இன்னாரின் பாட்டனாரும் என்று ஒவ்வொரு கூட்டமாகப் பெயர் போட வேண்டும். ஒரு பெயர் முன்பின் ஆனாலே பத்து வருடம் கதைக்காமல் விட்ட குடும்பங்கள் உண்டு. அச்சடித்துச் சந்திக்குச் சந்தி மின்கம்பங்களில் ஒட்டுவார்கள். யார் யார் இந்த மனிதருக்குச் சொந்தம் என்பதை ஊர் அதைப் பார்த்துத்தான் முடிவுகட்டும். பிள்ளைகளுக்குக் கலியாணம் பேசும்போதுகூட அந்தக் கடதாசி ஞாபகத்துக்கு வரும்.

"நீதானே இதுகளப் பிரிக்கிறதுல கெட்டிக்காரி. எழுது" என்று அண்ணன் அதை என் தலையில் கட்டினார்.

கொப்பியில் ஒரு தாளைக் கிழித்து எழுதினேன். மாமனார் என்ற இடத்தில், அப்பாவின் வார்டு எந்த மாடியில் என்றுகூடத் தெரியாத என் புருஷனின் பெயரைப் போட்டேன். பேரப்பிள்ளைகளைப் போட்டேன். அப்பாவோடு வரம்புச் சண்டை பிடித்துக் கோர்ட்டுக்குப் போன சித்தப்பாவின் பெயரையும் சகோதரன் என்று போட்டேன். அன்புத் தந்தை என்ற இடத்தில் அண்ணன் பெயரையும் என் பெயரையும் எழுதி, பக்கத்தில் கொஞ்சம் இடம் விட்டேன்.

அண்ணன் தோளுக்கு மேலால் எட்டிப் பார்த்தார். "அது என்ன இடவெளி?"

"தங்கச்சிக்கு."

"எந்தப் பேரப் போடுவாய்? நாம வெச்ச பேரயா, அவ வெச்ச பேரயா? பேரப் போட்டா மறுகா புருஷன்ட பேரயும் போடணும், பிள்ளையள்ட பேரயும் போடணும். ஊராக்கள் வாசிக்கிறது. எனக்கு மகள் இருக்கிறாள், நாளைக்கு அவளுக்குச் சம்பந்தம் பேச வேணும்."

"அப்பா அவள மகள் எண்டு சொன்னவர் அண்ணே. எனக்கு முன்னாலதான் சொன்னவர்."

"ஆஸ்பத்திரியில சொன்னது ஆஸ்பத்திரியோட. இது ஊர்."

நான் அப்போது சண்டை பிடித்திருக்க வேண்டும். பிடிக்கவில்லை. "சரி, கடைசியாப் பாப்பம்" என்றேன். என் பழக்கம் அது. மற்ற எல்லாவற்றையும் முடி, சேராததை ஒதுக்கிவை, தானாக ஒரு இடத்தில் விழும். செங்கலடி அச்சகத்திலிருந்து இரண்டு தடவை கோல் எடுத்துவிட்டார்கள், மத்தியானத்துக்குள் ஒட்ட வேண்டும் என்று அண்ணன் கத்துகிறார், உள்ளே பெண்கள் ஒப்பாரி வைக்கிறார்கள். தாளைக் கைபேசியில் படம் பிடித்து அப்படியே அனுப்பிவிட்டேன். அந்த இடைவெளி படத்தில் தெளிவாகத்தான் இருந்தது. அச்சகத்தில் எழுத்துகளை நெருக்கி அதை அழகாக மூடிவிட்டார்கள்.

ஊருக்குப் பயந்தேனா, அண்ணனுக்குப் பயந்தேனா என்று எத்தனையோ தடவை என்னையே கேட்டிருக்கிறேன். இரண்டும் இல்லை. யாரோடும் முகம் முறிக்காமல் நல்ல பெயரோடு இருக்கப் பார்த்தேன், அவ்வளவுதான். அதற்கு அவள் பெயரைக் கொடுத்துவிட்டேன்.

மூன்று மணிபோல ஆட்டோவில் வந்தாள். கூடவே புருஷனும் இரண்டு பிள்ளைகளும். அவர் பந்தலுக்கு வெளியே தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு நின்றார், ஒருவரும் உட்காரக் கதிரை கொடுக்கவில்லை. அவள் நேரே உள்ளே வந்து அப்பாவின் காலைப் பிடித்துக்கொண்டு அழுதாள். என்னை ஒன்றும் கேட்கவில்லை. அவளுடைய மூத்த மகள்தான் பிறகு தண்ணீர் வாங்க வந்தபோது என்னிடம் சொன்னாள்: "உம்மா வர்ற வழியில ஒவ்வொரு லைட் போஸ்ட்லயும் ஆட்டோவ நிப்பாட்டச் சொன்னாங்க பெரியம்மா. எல்லாத்துலயும் ஒரே மாதிரித்தான் இருக்குமெண்டு வாப்பா சொன்னாங்க. அவங்க கேக்கல்ல."

அடுத்த நாள் காலை அவளிடமிருந்து கட்டங்கள் வரவில்லை. அதற்கு அடுத்த நாளும் வரவில்லை. நான் என்னுடையதை அனுப்பினேன். வாசித்துவிட்டாள் என்பதற்கு இரண்டு நீலக் கோடும் விழும், பதில் இருக்காது. குடும்பக் குழுவில் மட்டும், "மாமி, அப்பப்பா போன கவலையிலயும் ஒரு பிழையும் விடாம முடிச்சிருக்கிறீங்களே" என்று யாரோ கைதட்டும் படம் போட்டிருந்தார்கள்.

அப்பாவின் முப்பத்தோராம் நாள் கிரியை வந்தது. அதற்கு நன்றி நவிலல் என்று இன்னொரு அறிவித்தல் அடிப்பார்கள். இந்தத் தடவை விடுவதில்லை என்று முடிவெடுத்தேன். அண்ணனிடம் போய், தங்கச்சியின் பெயர் இல்லாமல் நான் எழுத மாட்டேன் என்று ஒற்றைக் காலில் நின்றேன். சத்தம் போட்டேன், அழுதும் பார்த்தேன். அவர் கொஞ்ச நேரம் யோசித்துவிட்டு, "நன்றிதானே, போடன்" என்றார். அவ்வளவு லேசாகச் சம்மதித்தது ஏன் என்று நான் யோசிக்கவில்லை. வென்றுவிட்டேன் என்று சந்தோஷப்பட்டேன். எழுத உட்கார்ந்தபோது அவளைத்தான் முதலில் கையில் எடுத்தேன், அவள் சொல்லித் தந்த மாதிரியே. நாங்கள் வைத்தது, அவள் வைத்தது என்று பெயர் இரண்டையும் போட்டேன். பிறகு அவளுக்குக் கோல் எடுத்தேன். எடுக்க மாட்டாள் என்றுதான் நினைத்தேன். எடுத்தாள்.

"தங்கச்சி, நன்றி நோட்டீசுல உன்ட பேர் போடுறன். அண்ணனும் ஓம் எண்டிட்டார்."

"அதுல ஆருக்கெல்லாம் நன்றி சொல்லுறீங்க அக்கா?"

"வந்த ஆக்களுக்கு. பந்தல் போட்டவங்க, சமைச்சவங்க, மலர்வளையம் கொண்டுவந்தவங்க. மறுகா, ஆஸ்பத்திரியில நிண்டு பாத்த ஆக்களுக்கு. அதுல முதல் பேரே உன்ட பேர்தான்."

அந்தப் பக்கம் பாத்திரம் கழுவுகிற சத்தம் கேட்டுக்கொண்டிருந்தது, நின்றது.

"அப்பாவப் பாத்ததுக்கு மகளுக்கு ஆராச்சும் நன்றி சொல்லுவாங்களா அக்கா?" என்றாள். கோபமே இல்லாமல்தான் கேட்டாள். "நன்றி வெளியாக்களுக்குத்தானே சொல்லுறது. அந்தப் பேர எடுத்துடுங்க."

எடுத்துவிட்டேன். இரண்டு அறிவித்தலிலும் அவள் பெயர் இல்லை. இரண்டையும் எழுதியவள் நான்தான்.