மயில் திரும்பிய பக்கம்

“இங்கருந்து ஒன்றரை கிலோமீட்டர். வலது கைய நீட்டுங்க, அதுலருந்து இடப்பக்கமா முப்பது டிகிரி. அங்கதான் என் வீடு.”

கிராப் வாடகைக் கார் ஓட்டுநர் கைப்பேசியைப் பார்க்கிறார், நிரஞ்சனியைப் பார்க்கிறார். “ஆன்டி, ரோடு பேரு சொல்லுங்கலா” என்று கும்பிடாத குறையாகக் கேட்கிறார். என்ன செய்வது, நிரஞ்சனிக்கு எதையும் இப்படித்தான் சொல்ல வரும்: ஒரு நடு, அதிலிருந்து எவ்வளவு தூரம், எந்தக் கோணம். பத்துமலைக் குரங்கு ஒன்று இவரிடம் வழி கேட்டுவிட்டு ரவாங்கில் போய் இறங்கியதாகக்கூடப் பேச்சுண்டு.

மலேசியாவில், கிள்ளானில் கணித ஆசிரியை. தீபாவளிக்குத் தீபாவளி, பிரிக்பீல்ட்ஸ் பேரங்காடி ஒன்றில் சாயம் போட்ட அரிசியால் பெரிய மயில் கோலம் போடுபவர். மணல் நிரப்பிய மைலோ டின்னை நடுவில் வைத்து, அதில் கயிறு கட்டி, தவழ்ந்தே புள்ளி வைப்பார். இந்த வருஷம் இரண்டு முழங்காலும் கைவிரித்துவிட்டன. இனிக் கோலமே இல்லையோ என்ற நினைப்பில் அவருக்குச் சோறு இறங்கவில்லை.

கணவர் வீரசிங்கம்தான் வழி கண்டார். நில அளவைத் துறையில் இருந்து ஓய்வு பெற்றவர். “நீ நாற்காலியில உக்காந்து நம்பர் சொல்லு. நான் குனியறேன்.”

தரையில் வட்டம் இழுத்து, ஓரமெல்லாம் டிகிரி எழுதி ஒட்டினார். கடைகள் திறக்குமுன் வேலை தொடங்கியது.

“இஞ்சாருங்கோ, ரெண்டு மீட்டர், பத்து டிகிரி!”

கயிறு நீண்டது, ஒரு பிடி அரிசி விழுந்தது.

“ஒண்ணரை, எழுவது!”

எண்கள் எழுதிய தாளை விட்டு நிரஞ்சனி கண்ணெடுக்கவே இல்லை. வீரசிங்கம் புள்ளிகளைச் சேர்த்து, நிறமும் நிரப்பிய பிறகு அவர் நிமிர்ந்தால், வலப்பக்கத்துப் பெரிய வாசலைப் பார்க்க வேண்டிய மயில், எதிரே வேலையாட்கள் வரும் கதவைப் பார்த்துக்கொண்டு நிற்கிறது!

“பூஜ்யத்த எங்க வச்சீங்க?”

“உனக்கு நேர் எதிர, வடக்குன்னு வச்சேன். அங்கருந்து கடிகாரம் சுத்துற மாதிரி.”

“கணக்குல வலது கையிலருந்துதானே! சுத்தும் எதிர்ச்சுத்து!”

“காலமெல்லாம் நான் நிலத்த அளந்தது வடக்குலருந்துதான். ஒரு வீடாச்சும் திரும்பி நின்னுச்சா?”

கல்யாணமாகி இத்தனை காலத்தில், பூஜ்யம் எந்தப் பக்கம் என்று மட்டும் இருவரும் பேசிக்கொண்டதே இல்லை.

கடைகள் திறக்க ஒரு மணி நேரம்கூட இல்லை. திரும்பப் போட முடியாது. “கூட்டித் தள்ளிடுங்க” என்று துடைப்பத்தைக் காட்டினார் நிரஞ்சனி.

அந்நேரம் எதிர்க்கதவைத் தள்ளிக்கொண்டு வந்த துப்புரவுக்கார அஞ்சம்மாள், வாளியோடு அப்படியே நின்றுவிட்டார்.

“டீச்சர்! ஒவ்வொரு வருஷமும் பெரிய வாசலத்தான் பாக்கும். இந்தத் தடவ எங்களப் பாக்குதுலா!”

சொன்னதோடு விடவில்லை. உள்ளே திரும்பி, “ஏய், எல்லாரும் ஓடியாங்க, போட்டோ எடுக்கணும்!” என்று கத்தினார்.

நிரஞ்சனி எட்டித் துடைப்பத்தை இழுத்துத் தன் நாற்காலிக்கு அடியில் தள்ளினார்.

கோலத்தில் விட்டிருந்த சந்து வழியே போய் வீரசிங்கம் மைலோ டின்னை எடுத்துவந்தார். நடுவில் வெறும் வட்டம். கடைசிப் புள்ளி.

“தூரம் பூஜ்யம்” என்றார் நிரஞ்சனி.

“டிகிரி?”

“எதுவானாலும் அதே இடந்தான்.”

கணவரின் கையைப் பிடித்து இழுத்து, உள்ளங்கையில் நீல அரிசியைக் கொட்டி, அவர் விரல்களை ஒவ்வொன்றாக மூடிவிட்டார்.