கல்யாணப் பந்தலில் விழ மறுத்தவர்

முகூர்த்தக்கால் நட்ட மூன்றாம் நாள், எங்கள் வீட்டுப் பந்தலில் மணப்பெண்ணின் தகப்பனாராக உட்கார்ந்திருந்தவர் என் அப்பா இல்லை. ஒட்டு மீசை வைத்த ஒரு சினிமா நடிகர். என் அப்பா வேலியோரம் நின்று வாயைப் பிளந்து பார்த்துக்கொண்டிருந்தார். ஆயிரத்துத் தொள்ளாயிரத்து நாற்பதுகளின் தொடக்கம் அது. எனக்குப் பதினெட்டு வயது. என் கல்யாணத்துக்கு இன்னும் நாலு நாள் இருந்தது.

அந்த நடிகர் சேலத்துப் படக் கம்பெனி ஒன்றில் சம்பளத்துக்கு இருந்தார். மந்திரி, மாமனார், ஊர்ப் பெரியவர் என்று நாலு வசனம் பேசிவிட்டுப் போகிற வேஷங்கள்தான் அவருக்குக் கிடைக்கும். மற்ற நாட்களில் திருச்செங்கோடு, நாமக்கல் பக்கமெல்லாம் சைக்கிளில் சுற்றி, படம் பிடிக்கத் தோதான வீடும் தோப்பும் கிணறும் தேடிப் பேசி முடிப்பதும் அவர் வேலைதான். இடம் கேட்க வருகிறவர்கள் முதலாளி பெயரைச் சொல்லி அதட்டுவது வழக்கம். இவர் வாசலில் நின்று மோர் வாங்கிக் குடித்து, அந்த வீட்டில் என்ன நடக்கலாம், என்ன நடக்கக் கூடாது என்று விசாரித்த பிறகுதான் கேட்பார். கல்யாணக் காட்சிக்கு எங்கள் நிஜப் பந்தலைக் கேட்டபோது அப்பா ஒன்றே ஒன்றுதான் சொன்னார்.

"கால் நட்ட ஊடுங்க. அழுகச் சத்தம் மட்டும் கேக்கப்படாதுங்க."

"கேக்காதுங்க. இது என் வாக்கு" என்றார் நடிகர்.

மத்தியானம் வரை சிரிப்பும் கும்மாளமுமாகப் படம் பிடித்தார்கள். சாப்பிட்டு எழுந்ததும் டைரக்டருக்கு ஒரு யோசனை வந்துவிட்டது. தகப்பனார் பந்தலிலேயே நெஞ்சைப் பிடித்துக்கொண்டு விழுந்து சாக, பெண்கள் மாரில் அடித்துக்கொண்டு அழுகிற காட்சி ஒன்று பாக்கி இருந்ததாம். அதையும் இங்கேயே எடுத்துவிடலாம் என்றார். மாப்பிள்ளை ஊர் இரண்டே மைல். கால் நட்ட பந்தலில் ஒப்பாரி எழுந்தது என்று காதில் விழுந்தால் கல்யாணம் அதோடு நின்றது. சினிமா ஒப்பாரி வேறு, நிஜ ஒப்பாரி வேறு என்றெல்லாம் எங்கள் சனம் பிரித்துப் பார்க்காது.

நடிகர் எழுந்து நின்றார். "இந்தப் பந்தல்ல நான் விழமாட்டேன் சார். வாக்குக் குடுத்திருக்கேன்."

"அப்ப இந்த வேஷமே உனக்கு இல்ல. தெரியுமில்ல?"

தெரியும் என்று தலையாட்டினார். ஒட்டு மீசையைத் தானே பிய்த்து மேக்கப்காரர் கையில் கொடுத்துவிட்டார். தகப்பனே இல்லாமல் தகப்பன் சாவை எப்படி எடுப்பது? டைரக்டர் திட்டித் தீர்த்துவிட்டுச் சாமான்களைக் கட்டச் சொன்னார். பத்து வருஷத்தில் அந்த மனிதருக்குக் கிடைத்த ஒரே பெரிய காட்சி அதுதான் என்று மேக்கப்காரர் போகிற போக்கில் சொல்லிவிட்டுப் போனார். என் கல்யாணம் குறித்த முகூர்த்தத்தில் நடந்தது.

இரண்டு வருஷம் கழித்து, ஆறு மாதப் பையனை மடியில் வைத்துக்கொண்டு, பள்ளிபாளையத்துக் கொட்டகையில் அந்தப் படத்தைப் பார்த்தேன். வேறொருவர் தகப்பனாராக, வேறொரு பந்தலில் விழுந்தார். பிணத்தைத் தூக்கிப் போகிற நாலு பேரில் ஒருவராக, வாயே திறக்காமல், எங்கள் நடிகர் போனார். நான் தேம்பித் தேம்பி அழுதேன்.

"சினிமாதான புள்ள, எதுக்கு இப்பிடி அழுகறே?" என்றார் என் வீட்டுக்காரர். அதுவரை புகுந்த வீட்டில் மறைத்திருந்த பந்தல் கதையை அவரிடம் அன்றுதான் சொன்னேன். வண்டியில் திரும்பி வீட்டு வாசலில் இறங்கும்போது, "பையனுக்குக் காது குத்தறதுக்கு அவரக் கூப்புடலாமா?" என்றார்.

எனக்கு உடன்பிறந்தான் கிடையாது. தாய்மாமன் மடியில் உட்கார வைத்துத்தான் எங்களில் காது குத்துவார்கள். "கூத்தாடி மடியிலயா?" என்று பங்காளிகள் முணுமுணுத்தார்கள். என் அப்பா விடவில்லை. "எம் பொண்ணு வாழ்க்கையக் காப்பாத்துனவருங்க. அவரு மடிதானுங்க தாய்மாமன் மடி."

புது வேட்டி கட்டி வந்து உட்கார்ந்தார். ஊசி குத்தியதும் பையன் வீறிட்டான். வெல்லத்தைக் கண்டதும் அடங்கிவிட்டான். மடி கொடுத்தவர்தான் வெகுநேரம் அழுதுகொண்டிருந்தார். அவருக்கு நான் செய்ய முடிந்த நன்றி அவ்வளவுதான்.

அவர் போய்ச் சேர்ந்து பல வருஷம் ஆகிறது. என் பையன் தலையும் நரைத்துவிட்டது. தாய்மாமன் யார் என்று எவராவது கேட்டால், அவன் அவர் பெயரைத்தான் சொல்கிறான். வீட்டில் யாரும் திருத்துவதில்லை.